செருப்புக் காவல்

ஜனவரி 6

என் பேனா போலீஸ் தம்பிக்கு அக்கா எழுதுவது.

இங்கே நான், உன் மாமா, குட்டி மூன்று பேரும் நன்றாக இருக்கிறோம். உன் இருமல் போயிற்றா? போகவில்லை என்றால் மருந்தை வாங்கி அலமாரியில் வைத்து அழகு பார்க்கிறாய் என்று அர்த்தம். எடுத்துக் குடி.

கடை போனில் உன்னோடு பேசலாம் என்றுதான் போனேன். எனக்கு முன்னால் நாலு பேர், பின்னால் ஒரு வரிசை, அதில் பாதிப் பேர் பாட்டில் ஃபாக்டரி ஆட்கள். போலீஸ் தம்பியோடு பேசி அத்தனை காதுக்கும் விருந்து வைக்க மனம் வரவில்லை. சர்க்கரை வாங்கிக்கொண்டு திரும்பிவிட்டேன். அதனால்தான் கடிதம்.

வேலைநிறுத்தம் ஆரம்பித்து மூன்று வாரம் ஆகிறது. பேக்கிங் பிரிவை மொத்தமாக எடுத்துக் காண்ட்ராக்டுக்காரனிடம் கொடுக்கப் போகிறார்கள் என்பதில் தொடங்கியது. எல்லோரும் வெளியே வந்துவிட்டார்கள், உலைக்காரர்களைத் தவிர. மற்ற பிரிவுகளைப் பூட்டிவிட்டு வரலாம். உலையைப் பூட்ட முடியாது. அணைந்தால் உள்ளே உருகிக் கிடக்கிற கண்ணாடி பாறையாகிவிடும், அப்புறம் உலையையே உடைத்துத்தான் எடுக்க வேண்டும். யார் ஜெயித்தாலும் திரும்பிப் போக ஃபாக்டரி இருக்காது. அதனால் சங்கமே பார்த்து உலைக்கு மட்டும் ஆள் அனுப்புகிறது. காலை முறை வேலைக்கு உன் மாமாவும் சோடாபுட்டியும். சோடாபுட்டி யார் என்று கேட்காதே, தடிமனான கண்ணாடி போட்ட ஆள். பாட்டில் செய்கிற இடத்தில் வேறென்ன பெயர் வைப்பார்கள்?

அவர்களுக்குள் ஒரு வழக்கம் இருக்கிறது. கேட்டுக்குப் பக்கத்துச் சுவரை ஒட்டிக் கூடாரம் போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். உலைக்குப் போகிறவர் அந்தக் கூடாரத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடுதான் உள்ளே போக வேண்டும். உள்ளே போனால் பூட்ஸ் இருக்கிறது. செருப்பு கூடாரத்தில் இருந்தால் ஆள் நம்ம ஆள், நெருப்பைப் பார்க்கத்தான் போயிருக்கிறான், திரும்பி இங்கேதான் வருவான் என்று கணக்கு. பேக்கிங்கில் இருந்த மீசைக்காரர்தான் செருப்புக் காவல். முறை முடிகிற நேரத்துக்கு, வந்ததும் காலை நுழைக்கிற மாதிரி ஜோடியைத் திருப்பி வைப்பாராம். ‘எம் பொண்டாட்டிகூட எனக்கு இப்படி வச்சதில்ல’ என்று உன் மாமா ஊரெல்லாம் சொல்லிச் சிரிக்கிறார். வீட்டுக்கு வரட்டும் என்று இருந்தேன்.

போன முறை நீ மாமாவுக்கு வாங்கி வந்தாயே, பித்தளைக் கொக்கி வைத்த செருப்பு, அதுதான் தினமும் அங்கே உட்கார்ந்திருக்கிறது. ஒரு கொக்கி உடைந்து கம்பி சுற்றியிருக்கிறார்.

சிரித்துச் சிரித்து எழுதுகிறேன், ஆனால் எனக்குப் பயமாக இருக்கிறது. தெருமுனையில் புதிதாகச் சில ஆட்கள் நிற்கிறார்கள். கம்பெனி கூட்டி வந்தது என்கிறார்கள். நேற்று ஒருவன் இவர் தோளில் கை போட்டு, ‘தெனமும் நடந்தா போறீங்க? பாத்துப் போங்க, வழி சரியில்ல’ என்று சொன்னானாம். இவர் அதைச் சிரித்துக்கொண்டே சொன்னார். ஆனால் தட்டில் வைத்தது அப்படியே இருந்தது. ஆறு மணிக்கு உள்ளே இருக்க வேண்டும் என்று இருட்டிலேயே கிளம்புகிறார். அவர் முனை திரும்புகிற வரைக்கும் வாசலில் நிற்கிறேன். திரும்பின பிறகுதான் பயமே ஆரம்பிக்கிறது.

உனக்கு எழுதக் கூடாது என்று சொல்லியிருக்கிறார். ‘உன் தம்பி தங்கமான பையன்தான். ஆனா அவன் போட்டிருக்கிற சட்டை வேற’ என்றார். அவருக்குத் தெரியாமல் எழுதுகிறேன். யார் எங்கே காவலுக்குப் போக வேண்டும் என்று எழுதுகிற ஆபீஸில்தானே இருக்கிறாய்? அவர் போய் வருகிற வழியில் ஒரு கண் வைக்க ஏதாவது செய்ய முடியுமா?

வேளாவேளைக்குச் சாப்பிடு.

உன் அக்கா

ஜனவரி 17

அன்பு அக்காவுக்கு,

நான் சுகம். இருமல் உன் கடிதத்தைக் கண்டதும் பயந்து ஓடிவிட்டது. உன் முட்டிவலி எப்படி இருக்கிறது? மாமாவும் குட்டியும் நலம்தானே?

இனி நீ நிம்மதியாகத் தூங்கலாம். காரியத்தை முடித்துவிட்டேன்.

உங்கள் கம்பெனி கோர்ட்டுக்குப் போய், எங்கள் இடத்துக்கும் சரக்குக்கும் ஆபத்து, போலீஸ் பாதுகாப்பு வேண்டும் என்று உத்தரவு வாங்கியிருக்கிறது. அது எங்கள் ஆபீஸுக்கு வந்து, என் மேஜைக்கே வந்தது. முதலாளிக்கும் கட்டிடத்துக்கும்தான் காவல் என்று படித்துக்கொண்டே போனேன். கடைசியில் ‘வேலைக்கு வர விரும்பும் தொழிலாளர்களுக்கும்’ என்று ஒரு வரி இருந்தது. பார்த்ததும் எனக்குக் கை துறுதுறுத்தது. அந்த வரியில் மாமாவை நுழைத்துவிட்டேன்! முதலாளி வாங்கிய குடையில் நம் ஆளும் நனையாமல் போகட்டுமே.

இருபத்தைந்தாம் தேதி திங்கட்கிழமையிலிருந்து ஜீப் வீட்டு வாசலுக்கே வரும். ஏறி உட்கார்ந்தால் கேட்டுக்குள் போய்த்தான் இறங்குவார். முனையில் நிற்கிறவன் தோளில் கை போடட்டும் பார்க்கலாம். அப்பா போன பிறகு டிபன் கடையில் பாத்திரம் தேய்த்து என்னைப் படிக்க வைத்தவள் நீ. உனக்கு இதுகூடச் செய்யவில்லை என்றால் இந்தச் சட்டையை எதற்குப் போட்டுக்கொண்டு திரிகிறேன்?

மாமாவிடம் நான்தான் செய்தேன் என்று சொல்ல வேண்டாம். பாராட்டினால் எனக்குக் கூச்சமாக இருக்கும்.

உன் தம்பி

ஜனவரி 29

தம்பிக்கு,

எப்படி இருக்கிறாய் என்று கேட்கிற நிலையில் நான் இல்லை. இருந்தாலும் கேட்கிறேன். எப்படி இருக்கிறாய்?

எங்கள் தெருவில் ஜீப் நுழைய வேண்டும் என்றால் எல்லோரும் சைக்கிளை வீட்டுக்குள் எடுத்து வைக்க வேண்டும், அவ்வளவு அகலம்தான். திங்கட்கிழமை விடியும் முன்னே ஹார்ன் அடித்தார்கள். தெருவே எழுந்து வந்து, சைக்கிளை எடுத்து வைத்துவிட்டு, அப்படியே நின்று பார்த்தது.

ஒரு எஸ்.ஐ. இறங்கினார். ‘உலைக்காரர் நீங்கதானே? ஏறுங்க.’

‘நான் நடந்தே போயிடுவேன் சார்.’

‘உங்க பாதுகாப்புக்குத்தான். மேலேருந்து பேர் போட்டு வந்திருக்கு. ஏறுங்க, எனக்கு வேற வேலை இருக்கு.’

இவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் குட்டியின் சட்டையைச் சரி பண்ணுகிற மாதிரி குனிந்துகொண்டேன்.

கூடாரத்தில் நிறுத்தச் சொல்லிக் கெஞ்சியிருக்கிறார். ‘அங்க நிறுத்தறதுக்கா காவல் போட்டிருக்கு?’ என்று நேரே கேட்டுக்குள் போய்விட்டார்கள். செருப்பும் அவர் காலிலேயே உள்ளே போய்விட்டது. சோடாபுட்டி வழக்கம் போல நடந்து போனான். கூடாரத்தில் அவன் ஜோடி மட்டும் இருந்தது, பக்கத்தில் இவருடைய இடம் காலி. முறை முடிந்து இவர் செருப்போடு வெளியே வந்து நின்றபோது யாரும் திட்டவில்லையாம். மீசைக்காரர் மட்டும் காலைப் பார்த்து, ‘என்னப்பா, நடந்தா கால் வலிக்குதா?’ என்று கேட்டாராம். அதைச் சொல்லும்போது இவருக்குக் குரல் உடைந்துவிட்டது. எங்கள் கல்யாணத்தில் அழாதவர், அவர் அம்மா போனபோது அழாதவர்.

மறுநாள் முதல் குழாயடியில் நான் போனால் பேச்சு நின்றுவிடுகிறது. இன்று காலையில் சுவரில் சுண்ணாம்பால் எழுதியிருந்தது. குட்டிதான் முதலில் பார்த்தாள். இப்போதுதானே எழுத்துக் கூட்டிப் படிக்கிறாள், விரலை வைத்து ‘க, ரு, ங்’ என்று சத்தமாகப் படித்தாள். ‘கருங்காலின்னா என்னம்மா?’ என்று கேட்டாள். ஈரத்துணியால் தேய்த்தேன். எழுத்து போகவில்லை, சுவர்தான் வெளுத்தது.

கம்பெனிதான் சூழ்ச்சி பண்ணி என்னைப் பிரிக்கப் பார்க்கிறது என்று இவர் சொல்லிக்கொண்டிருக்கிறார். நான் வாயைத் திறக்கவில்லை.

ஜீப்பை நிறுத்து. எப்படிப் போட்டாயோ அப்படியே எடு.

அக்கா

பிப்ரவரி 9

அன்பு அக்காவுக்கு,

நான் சுகம் என்று எழுதினால் பொய். அங்கே நிலைமை கொஞ்சம் தணிந்திருக்கும் என்று நம்புகிறேன்.

எடுத்துவிடலாம் என்றுதான் போனேன். முடியவில்லை. கம்பெனி வக்கீல் மாமா பெயர் இருக்கிற காவல் உத்தரவைக் கோர்ட்டில் காட்டி, ‘பாருங்கள், தொழிலாளிகளே சங்கத்துக்குப் பயந்து பாதுகாப்புக் கேட்கிறார்கள்’ என்று சொல்லியிருக்கிறார். அதை வைத்து இன்னும் அதிக போலீஸ் வாங்கிவிட்டார்கள். நான் போட்ட ஒரு வரி அவர்களுக்கு வெல்லக்கட்டி மாதிரி ஆகிவிட்டது. நான் இதை நினைக்கவே இல்லை அக்கா. உன்னைத்தான் நினைத்தேன்.

இன்ஸ்பெக்டர் என்னைக் கூப்பிட்டு, ‘இந்த உலைக்காரன் பேரை யார் சொன்னது?’ என்று கேட்டார். மேலே இருந்து வந்தது என்று மழுப்பிவிட்டேன். உன் பெயர் வரக் கூடாது என்பதற்காக. என் வேலைக்காகவும்தான், ஒளிப்பானேன்.

ஒரே ஒரு வழி இருக்கிறது. எனக்குப் பாதுகாப்பு வேண்டாம் என்று மாமாவே கைப்பட எழுதிக் கொடுத்தால் நிறுத்தலாம். ஸ்டேஷனில் கொடுக்கச் சொல். முனையில் நிற்கிற ஆட்கள் இன்னும் இருக்கிறார்களா?

உன் தம்பி

பிப்ரவரி 18

தம்பிக்கு,

குட்டிக்கு ஜுரம் வந்து போயிற்று. எனக்கு முட்டிவலி இருக்கிறதா என்றே தெரியவில்லை, அதை நினைக்க நேரமில்லை. நீ சாப்பிடுகிறாயா?

எழுதிக் கொடுத்தார். நான் சொன்னதாக இல்லாமல், யாரோ சொன்ன மாதிரி சொல்லி எழுத வைத்தேன். எனக்கு இப்போது பொய் எவ்வளவு லாகவமாக வருகிறது தெரியுமா? ஸ்டேஷனில் அந்த எஸ்.ஐ. படித்துவிட்டு, ‘பயமுறுத்தி எழுத வச்சிருக்காங்க, இல்ல? இங்க நாங்க இருக்கோம், பயப்படாதீங்க’ என்று தட்டிக் கொடுத்து அனுப்பினாராம்.

மறுநாளிலிருந்து ஜீப்பும் வருகிறது, வீட்டு வாசலில் இரண்டு போலீஸ்காரர்களும் உட்கார்ந்திருக்கிறார்கள்.

பாவம், அவர்கள் மேல் எனக்குக் கோபம் கூட வரவில்லை. ஒருவனுக்கு மீசை சரியாக முளைக்கவில்லை. தண்ணீர் கேட்டு வாங்கிக் குடிக்கிறான், ‘அக்கா’ என்றுதான் கூப்பிடுகிறான். அந்தச் சொல்லைக் கேட்டாலே எனக்கு உடம்பு தூக்கிப் போடுகிறது. தெருவில் போகிறவர்கள் எதிர்ப்பக்கச் சுவரை உரசிக்கொண்டு போகிறார்கள். ஜன்னலை மூடினால் புழுக்கம், திறந்தால் தொப்பி தெரிகிறது.

போன புதன்கிழமை இவர் பின்கதவு வழியாகக் கிளம்பி, சந்து சந்தாக நடந்து போகப் பார்த்தார். கடைத்தெருவில் ஜீப் வந்து மறித்தது. ‘உங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா எங்க தலைதான் உருளும்’ என்று கையைப் பிடித்து ஏற்றியிருக்கிறார்கள். பார்த்தவர்களுக்குக் கைது மாதிரி தெரிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். கல்யாண ஊர்வலம் மாதிரி தெரிந்திருக்கிறது.

வீட்டில் இருந்தால் இவருக்கு ஒரே வேலைதான். செருப்பைத் துடைத்துத் துடைத்து வைக்கிறார்.

தம்பி, முனையில் நின்ற ஆட்களைப் பற்றிக் கேட்டிருந்தாய். எனக்கு இப்போது அவர்களிடம் பயமில்லை. நம் தெருவைப் பார்த்தால்தான் பயம்.

அக்கா

மார்ச் 4

அன்பு அக்காவுக்கு,

நீ, மாமா, குட்டி மூன்று பேரும் நலமா? இதைச் சம்பிரதாயத்துக்குக் கேட்கவில்லை. முதலில் இதற்குப் பதில் எழுது.

போன வாரம் இரண்டு கடிதம் போட்டேன். ஒன்றுக்கும் பதில் இல்லை. கடை போனுக்கு அடித்தேன், உன் வீட்டைச் சொன்னதும் வைத்துவிட்டார்கள்.

ஒயர்லெஸ்ஸில் உங்கள் ஃபாக்டரியின் பெயர் வந்தது. கேட் முன்னால் ‘லேசான பலப்பிரயோகம்’ என்று சொன்னார்கள். அந்த வார்த்தையை நானே எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். அழகான கையெழுத்தில் எழுதுவேன். ‘லேசான’ என்றால் எத்தனை எலும்பு என்று எவரும் கேட்டதில்லை, நானும் கேட்டதில்லை.

இன்ஸ்பெக்டரிடம் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். உலைக்காரர் என் அக்கா புருஷன், நான்தான் பெயரைச் சேர்த்தேன் என்று. கத்துவார் என்று நினைத்தேன். சிரித்தார். ‘குடும்ப விஷயமா? அப்போ நீயே போய்ப் பாரு’ என்றார். அங்கே அனுப்புகிற அடுத்த படையில் என்னையும் போட்டுவிட்டார். பேனாவை வாங்கி வைத்துக்கொண்டு லத்தியைக் கொடுத்திருக்கிறார்கள்.

ஒரு வரி எழுது அக்கா. திட்டியாவது எழுது.

உன் தம்பி

மார்ச் 13

தம்பிக்கு,

உயிரோடு இருக்கிறோம். உன் மூன்று கடிதங்களும் வந்தன. உடனே எழுதினால் என்ன எழுதிவிடுவேனோ என்று பயந்துதான் எழுதவில்லை.

நடந்தது இதுதான். என்ன கோபம் இருந்தாலும் இவருடைய ஜீப் வந்தால் கூடாரத்து ஆட்கள் எழுந்து வழி விடுவார்கள். முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள், ஆனால் விடுவார்கள். நெருப்புக்கு வழி விடுவது அவர்களுக்குப் பழக்கம். கம்பெனி அதைக் கவனித்து வைத்திருந்திருக்கிறது. அன்று காலையில் ஜீப் வந்ததும் எழுந்து ஒதுங்கினார்கள். ஜீப்புக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு இரண்டு லாரி வந்தது, உள்ளே புது ஆட்கள், பேக்கிங் வேலைக்கு. லாரி முன்னால் போய்ப் படுக்கப் பார்த்தவர்களைப் போலீஸ் அடித்தது. மீசைக்காரருக்கு வலது கை இரண்டு இடத்தில் உடைந்துவிட்டது. ஜீப்பின் பின்பக்கக் கண்ணாடி வழியாக இவர் எல்லாவற்றையும் பார்த்திருக்கிறார். கதவைத் திறக்கப் பார்த்தாராம், திறக்க விடவில்லையாம்.

அன்று உள்ளே போனவர் இன்னும் வெளியே வரவில்லை. வெளியே ஆபத்து என்று சரக்கு அறையில் கட்டில் போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். அடைத்து வைத்திருக்கிறார்களா, வெளியே வர முகமில்லாமல் இவரே உட்கார்ந்திருக்கிறாரா என்று முதலில் எனக்குத் தெரியவில்லை. ஆள் இல்லாத வீட்டு வாசலில் இருந்த இரண்டு பேரையும் எடுத்துக்கொண்டார்கள். அதற்கப்புறம் கல் வந்தது, ஒன்று. ஜன்னலில் பட்டு, குட்டியின் பாவாடையெல்லாம் கண்ணாடித் தூள். அவளை மடியில் வைத்துக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்தேன். எழுந்து விளக்கைப் போடக்கூடத் தைரியம் இல்லை.

நேற்று சோடாபுட்டி வந்தான். அவன் இன்னும் நடந்துதான் போகிறான், உலைக்காக. காகிதத்தில் சுற்றிய ஒரு பொட்டலத்தைக் கொடுத்தான். ‘உள்ளே இருந்து அண்ணன் குடுத்தார். கூடாரத்துல அவர் இடத்துல வைக்கச் சொன்னார். நான் வச்சா எடுத்து வீசிடுவாங்க. நீங்க வைங்க’ என்றான். பிரித்தால் செருப்பு.

இன்று காலையில் குட்டியைக் கையில் பிடித்துக்கொண்டு, அதை எடுத்துக்கொண்டு தெரு வழியாகவே போனேன். கூடாரத்துக்குள் நுழைந்தேன். அவர் இடத்தில் செருப்பை வைத்தேன். வைத்துவிட்டு வந்திருக்கலாம். மீசைக்காரர் கட்டுப் போட்ட கையோடு உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். என்னால் முடியவில்லை. ‘ஜீப்பை அவர் கேக்கல. அவருக்குத் தெரியவே தெரியாது. போலீஸ்ல இருக்கிற என் தம்பிக்கு நான்தான் எழுதினேன். எனக்குப் பயமா இருந்துச்சு’ என்று சொன்னேன்.

ஒருவரும் செருப்பை எடுத்து எறியவில்லை. முறை முடிகிற நேரம் வரைக்கும் எதிர்ப்பக்கம் நின்று பார்த்தேன். சோடாபுட்டியின் ஜோடியை மீசைக்காரர் இடது கையால் திருப்பி வைத்தார். இவருடையது வைத்த மாதிரியே கிடந்தது.

நீ வரப் போகிறாய் என்று எழுதியிருக்கிறாய். அடிக்கிற பக்கமா?

அக்கா

மார்ச் 21

அக்கா,

நான் இந்த ஊரில்தான் இருக்கிறேன். எங்களை ஒரு பள்ளிக்கூடத்தில் தங்க வைத்திருக்கிறார்கள். உன் வீடு அரை மணி நேர நடை. வந்துவிடலாம் என்று இரண்டு முறை கிளம்பினேன். இந்தச் சட்டையோடு உன் தெருவில் நுழைந்தால் உனக்கு என்ன ஆகும் என்று நினைத்துத் திரும்பிவிட்டேன். அதனால் உள்ளூருக்குள்ளேயே தபால் போடுகிறேன்.

நீ கேட்ட கேள்விக்குப் பதில்: யாரையும் அடிக்கவில்லை. ஆனால் அந்தப் பக்கம்தான் நின்றேன்.

நேற்று கூடாரத்தைப் பிரிக்க உத்தரவு. கேட்டிலிருந்து சாலைக்கு அந்தப் பக்கம் வரைக்கும் கயிறு கட்டி, அவர்களை எல்லாம் கயிற்றுக்கு அப்பால் தள்ளிவிட்டார்கள். பாய், குடம், டீ கேன், பதாகை எல்லாவற்றையும் அள்ளி லாரியில் போடச் சொன்னார்கள். சுவர் ஓரமாக இரண்டு ஜோடி செருப்பு இருந்தது. ஒன்று ஏதோ ரப்பர் செருப்பு. இன்னொன்றில் ஒரு பக்கம் பித்தளைக் கொக்கி, மறுபக்கம் கம்பி.

கடையில் நாலு ஜோடி எடுத்துப் போடச் சொல்லி, வளைத்துப் பார்த்து வாங்கினது அக்கா அது. குனிந்தவன் அப்படியே நின்றுவிட்டேன். பக்கத்தில் இருந்தவன், ‘என்ன சார், பாம்பு கீம்பு இருக்கா?’ என்று கேட்டான். ரப்பர் செருப்பைக் கயிற்றுக்கு அப்பால் நீட்டினேன், ஒருவர் பிடுங்கிக்கொண்டார். மாமாவுடையதை யாரும் பார்க்காமல் என் பைக்குள் போட்டுக்கொண்டேன். லாரியில் போட மனம் வரவில்லை, வேறு என்ன செய்வது என்றும் தெரியவில்லை.

என் தலைமாட்டில்தான் இருக்கிறது. யாரிடமாவது கொடுத்தனுப்பட்டுமா? என்ன செய்ய வேண்டும் என்று நீயே சொல்.

தம்பி

மார்ச் 23

தம்பி,

யாரிடமும் கொடுத்தனுப்பாதே.

வெளியே விடாவிட்டால் உலையைத் தொட மாட்டேன் என்று உள்ளே சொல்லிவிட்டாராம். வெள்ளிக்கிழமை முறை முடிந்து நடந்து வெளியே வரப் போகிறார், வெறுங்காலோடு. சோடாபுட்டி வந்து சொன்னான். கயிற்றுக்கு அப்பால் மீசைக்காரரும் மற்றவர்களும் நிற்பார்கள். கை உடைந்தவன், மண்டை உடைந்தவன் எல்லோரும் நிற்பார்கள். அவர்கள் நடுவில் இவர் தனியாக வர வேண்டும். செருப்பு அங்கே இல்லை என்றால் இவர் யார் ஆள்?

எடுத்த இடத்திலேயே வை. கூடாரம் போனால் என்ன, சுவர் அங்கேதானே இருக்கிறது? திருட்டுத்தனமாக வைக்காதே. நீ போட்டிருக்கிற சட்டையோடு, எல்லோரும் பார்க்க வை.

உனக்குப் பயமாக இருக்கும். எனக்கும் இருந்தது. சாப்பிட்டுவிட்டுப் போ.

அக்கா

மார்ச் 28

அக்காவுக்கு,

வைத்தேன்.

முறை முடிகிற நேரத்துக்குக் கொஞ்சம் முன்னால், வரிசையிலிருந்து விலகிப் போய்ச் சுவர் ஓரமாக வைத்தேன். கயிற்றுக்கு அப்பாலிருந்து ‘பூட்ஸ் போட்டவனுக்குச் செருப்பு எதுக்குடா?’ என்று ஒரு குரல். இந்தப் பக்கம் எஸ்.ஐ. ‘யோவ், என்னய்யா பண்ற?’ என்று கத்தினார். ‘எங்க மாமாவோடது சார்’ என்று மட்டும் சொன்னேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது, அங்கேயே நின்றேன். திரும்பி வரிசைக்குப் போக முடியவில்லை.

மாமா வந்தார். உலைச் சூட்டில் முகம் கறுத்துப் போயிருந்தது, பாதி உடம்பாகிவிட்டார். செருப்பைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். அப்போது அவருக்கு எல்லாம் புரிந்துவிட்டது என்று எனக்குத் தெரிந்தது.

அவர் போட்டுக்கொள்ளவில்லை. குனிந்து கையில் எடுத்துக்கொண்டார். சாலையைக் கடந்து, கயிற்றைத் தூக்கி அந்தப் பக்கம் போனார். கூட்டம் அசையவில்லை. ஒருவன் கையில் கல் இருந்தது, அதை மறைக்கக்கூட இல்லை. நான் லத்தியைக் கீழே போட்டுவிட்டு ஓடலாமா என்று பார்த்தேன். ஓடினால் எல்லாம் கெட்டுவிடும் என்றும் தெரிந்தது. நின்ற இடத்திலேயே நின்றேன்.

மாமா, கட்டுப் போட்ட கையோடு நின்ற மீசைக்காரர் முன்னால் போய்ச் செருப்பை வைத்தார். முனை தன் பக்கம் பார்க்க வைத்தார். வைத்துவிட்டு, அந்தக் கொதிக்கிற சாலையில் வெறுங்காலோடு அப்படியே நின்றார்.

மீசைக்காரர் அந்தக் கம்பி சுற்றின கொக்கியையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் கட்டுப் போட்ட கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, மெல்லக் குனிந்து, இடது கையால் ஒரு செருப்பைத் திருப்பினார். அப்புறம் இன்னொன்றை.

மாமா போட்டுக்கொண்டார். கல் வைத்திருந்தவன் நகர்ந்து வழி விட்டான். அவர்கள் சேர்ந்து உன் தெருப் பக்கம் நடந்து போனார்கள். மாமா ஒரு முறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

எனக்கு மெமோ கொடுத்து ஊருக்கு அனுப்புகிறார்கள். அது பெரிதில்லை. வீட்டுக்கு வந்து அவர் என்ன சொன்னார்? என்னைப் பற்றி ஏதாவது சொன்னாரா? நான் இனி உன் வீட்டுக்கு வரலாமா? எதுவானாலும் எழுது.

தம்பி

ஏப்ரல் 16

தம்பிக்கு,

எல்லோரும் சுகம். ஜன்னலுக்கு அட்டை வைத்திருக்கிறோம். குட்டி இப்போது எழுத்துக் கூட்டாமலே படிக்கிறாள். சுவரில் இருந்த எழுத்து மேல் இவரே வெள்ளையடித்தார், ஆனாலும் உற்றுப் பார்த்தால் தெரிகிறது.

வேலைநிறுத்தம் இன்னும் முடியவில்லை. பேச்சுவார்த்தை என்கிறார்கள். ஜீப் வருவதில்லை. இவர் பழையபடி நடந்து போகிறார். கயிற்றுக்கு அந்தப் பக்கம் மரத்தடியில் செருப்பு வைக்கிறார்களாம். நானும் பழையபடி வாசலில் நிற்கிறேன், முனையில் அந்த ஆட்களும் நிற்கிறார்கள். பயம் எங்கேயும் போய்விடவில்லை. தெருவில் இரண்டு பேர் என்னோடு சேர்ந்து நிற்கிறார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

அன்று வீட்டுக்கு வந்தவர் கால் கழுவிவிட்டு உட்கார்ந்தார். உள்ளங்காலெல்லாம் கொப்புளம். நான் எண்ணெய் தடவும்போது எல்லாவற்றையும் சொன்னேன். ‘தெரியும். வழியில சொன்னாங்க’ என்றார். அதற்கப்புறம் பல நாள் பேச்சில்லை. திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை என்று நினைத்தேன். இந்த வாரம்தான் அவராகவே, ‘இனிமே உன் தம்பிக்கு எழுதினா எனக்குப் படிச்சுக் காட்டு’ என்றார்.

இதையும் படித்துக் காட்டினேன். கொப்புளம் என்று எழுதியதை அடிக்கச் சொன்னார். நான் அடிக்கவில்லை.

நீ வரலாமா என்று கேட்டிருந்ததையும் படித்தேன். ரொம்ப நேரம் செருப்புக் கொக்கியில் கம்பியை முறுக்கிக்கொண்டே இருந்தார். பதில் வராது என்று கடிதத்தை மடிக்கப் போனேன். தலை நிமிராமல் சொன்னார்:

‘வரச் சொல்லு. தெருவுல எல்லாரும் இருக்கிற நேரமாப் பாத்து வரச் சொல்லு. முனையில இறங்கி, நடந்து வரச் சொல்லு.’

அக்கா